மந்தப் பள்ளம்

என் அப்பா வீரமுத்து மேடு ஏறி வந்துகொண்டிருந்தார். என் சின்ன வயது முழுவதும் அவர் ஏறி வந்துகொண்டுதான் இருந்தார். ஒரு கால் முன்னால், ஒரு கால் பின்னால், வாய் பாதி திறந்தபடி, நெற்றியில் ஒரு வியர்வைத் துளியோடு. அந்தத் துளி புருவத்துக்கு வந்து சேர்வதற்குள் நான் வயதுக்கு வந்துவிட்டேன்.

சிரம்பானில் இருக்கிறவர்களுக்கு இது புரியாது. அவர்கள் ஊரில் எந்தத் தெருவுக்குப் போனாலும் ஒரே மணிதான். லிங்கி ஆற்றுப் பக்கத்துத் தோட்டக்காடுகளில் அப்படிக் கிடையாது. நேரம் ஓடுகிற இடமும் உண்டு, ஊர்கிற இடமும் உண்டு. ஆற்றங்கரையில் ஓட்டமேடு என்று ஒன்று இருந்தது. அங்கே கன்று நட்டால் சீக்கிரம் மரமாகிப் பால் தரும் என்று ஒரு வெள்ளைக்காரத் தொரை மனக்கோட்டை கட்டினான். மரம் என்னவோ சீக்கிரம்தான் வளர்ந்தது. அதை வெட்டப் போன, அதாவது பாலுக்காகப் பட்டையைக் கீறப் போன, ஆட்கள் ஒரே பருவத்தில் தலை நரைத்துத் திரும்பினார்கள். தொரை மட்டும் பங்களாவில் உட்கார்ந்து இளமையாக இருந்தான். எங்கள் செம்மேட்டுத் தோட்டத்துக்கு வாய்த்தது அதற்கு நேர் எதிர். அதுதான் மந்தப் பள்ளம்.

பள்ளத்துக்குள் இறங்கி நாலு மரம் வெட்டிவிட்டு ஏறினால் மேலே மத்தியானம் ஆகியிருக்கும். ஆரம்பத்தில் அவ்வளவுதான் அதன் வேலை. யாரும் பெரிதாகப் பயப்படவில்லை. “பள்ளத்துக்குப் போனா வயசாவாது லா” என்று பெண்கள் கேலி பேசிக்கொள்வார்கள். எங்கள் தொரைக்கும் அந்த மரங்கள்மேல் ஒரு கண். ரப்பர்ப் பாலை நேரத்துக்கு எடுக்காவிட்டால் மரத்திலேயே கட்டியாகிவிடும். பள்ளத்துப் பால் மட்டும் எடுக்கிறவரைக்கும் தண்ணீர் மாதிரி இருக்கும். ஆகவே பள்ளத்துக்குள் இறங்குகிற மர நிரை ஒன்றை அப்பாவுக்குக் கொடுத்திருந்தார்கள். பள்ளத்துக்கு மேலே, விளிம்பை ஒட்டின மரங்கள் அம்மாவுக்கு. அம்மாவின் பெயர் பஞ்சாலை.

பள்ளத்துக்குள் போய் வந்தவர்கள் எல்லாரும் ஒன்றைச் சொல்வார்கள். கீழேயிருந்து பார்த்தால் மேலே மனிதர்கள் தெரியமாட்டார்கள். அசையாமல் இருக்கிற மரம், கல், மரத்தில் தொங்குகிற மங்கு இவைதான் தெரியும். மங்கு என்பது பால் சொட்டுவதற்காக மரத்தில் கட்டுகிற பீங்கான் கோப்பை. மனிதர்கள் அவ்வளவு சீக்கிரம் வந்து போய்விடுகிறார்களாம், கண்ணில் ஒட்டுவதே இல்லையாம்.

மலாயாவில் வெள்ளைக்காரச் சர்க்கார் அவசரகாலம் அறிவித்த புதிது. தோட்டத்துக்குப் பின்னாலிருந்த பெருங்காட்டில் மூணு நட்சத்திரக்காரர்கள் என்று நாங்கள் சொல்கிற கம்யூனிஸ்டுகள் ஒளிந்திருக்கிறார்கள் என்று ஒரு நாள் காலையில் விமானம் வந்து குண்டு போட்டது. முன்கூட்டி எங்களிடம் யாரும் சொல்லவில்லை. மரம், மண், வயிறு எல்லாம் சேர்ந்து அதிர்ந்தது என்று அம்மா சொல்வாள். அவள் விளிம்பில் நின்று, “எல்லாத்தையும் போட்டுட்டு ஓடியாங்க” என்று கத்தினாள். அப்பா தோளிலிருந்த காண்டாக் கம்பையும் அதில் தொங்கின வாளிகளையும் கீழே போட்டார். பால் நிறைந்த மங்குகளை அப்படியே விட்டுவிட்டு மேட்டில் ஓடி வந்தார்.

ஓடி வந்தவர் நடந்தார். நடந்தவர் நின்றார். நின்றார் என்று மற்றவர்கள் சொன்னார்கள். அம்மா மட்டும் ஒத்துக்கொள்ளவில்லை.

குண்டு விழுந்த அதிர்ச்சியில் பள்ளத்தின் சுபாவமே மாறிவிட்டது. அதுவரை அரை நாளை விழுங்கின இடம், இப்போது வருஷத்தை விழுங்க ஆரம்பித்தது. ஆண்கள் கயிறு வீசினார்கள். கயிற்றின் நுனி விளிம்பைத் தாண்டினதும் அந்தரத்தில் அப்படியே நின்றது. பிடித்து இழுத்ததும் அறுந்தது. அம்மா உள்ளே பாயப் போனாள். பெண்கள் அவள் இடுப்பைப் பிடித்துக்கொண்டார்கள். பக்கத்து வீட்டுத் தாயம்மா என்னைத் தூக்கி வந்து அவள் முகத்துக்கு நேரே காட்டினாள். என்னைப் பார்த்த பிறகுதான் அம்மா அடங்கினாள்.

அன்றிலிருந்து எனக்கு இருந்தது ஒரே பயம். மாட்டைக் கட்டுகிற முளை மாதிரி அம்மாவை மேலே கட்டி வைத்திருப்பது நான்தான். முளை கொஞ்சம் அசைந்தாலும் அவள் கீழே போய்விடுவாள். அப்பா மேலே வந்து சேர்ந்துவிட வேண்டும், அதற்குள் அம்மா இறங்கிவிடக் கூடாது. தோட்டத்து மாரியம்மன் கோயிலில் நான் வேண்டிக்கொண்டது எல்லாம் இதுதான்.

குண்டு போட்ட மறுநாளே தொரை பள்ளத்தைச் சுற்றின ரப்பர்க் காட்டை மூடிவிட்டார். பெருங்காட்டுக்குப் பக்கம், ஆபத்து என்றார்கள். அம்மாவுக்கு அது நல்லதாகப் போயிற்று. அவள் தனியாகப் போய் விளிம்பிலிருந்த மரங்களின் மங்குகளை எல்லாம் ஒன்று விடாமல் கவிழ்த்து வைத்தாள். எங்கள் வேலையில் மங்கு நிமிர்ந்திருந்தால் பால் இன்னும் எடுக்கவில்லை, வேலை நடக்கிறது என்று அர்த்தம். கவிழ்ந்திருந்தால் பால் எடுத்தாயிற்று, வீட்டுக்குப் போகலாம். மனிதரைக் காணாத அப்பாவின் கண்ணுக்கு மங்காவது தெரியும் அல்லவா? “வேல முடிஞ்சிருச்சு, வாங்க” என்று அவள் சொல்ல நினைத்ததை அந்தக் கோப்பைகள் சொல்லிக்கொண்டு தொங்கின. காற்றில் ஒன்று நிமிர்ந்தாலும் ஓடிப்போய்க் கவிழ்ப்பாள்.

போலீஸ் வந்தது. வீரமுத்து காட்டுக்குள் போய்ச் சேர்ந்துவிட்டான் என்று யாரோ சொல்லிவிட்டார்கள். அம்மா அவர்களைப் பள்ளத்துக்கே கூட்டிப் போனாள். வெள்ளைக்கார அதிகாரி விளிம்பில் நின்று நெடுநேரம் அப்பாவைப் பார்த்தார். பிறகு கூட வந்திருந்த தமிழ்ப் போலீஸ்காரரிடம் ஏதோ கேட்டார்.

“ஊரடங்கு நேரத்துலயும் இவன் வெளியிலதானே நிக்கிறான்னு தொரை கேக்குறாரு.”

“வூட்டுக்குத்தான்யா வந்துகிட்டு இருக்காரு” என்றாள் அம்மா. “நீங்களே பாருங்களேன்.”

அதிகாரி தொப்பியை எடுத்து மறுபடி போட்டுக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல் நடந்தார். அதற்கப்புறம் போலீஸ் அந்தப் பக்கம் வரவில்லை. துப்பாக்கி வைத்திருக்கிறவனுக்கும் பயம் வரும் என்று எனக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது.

சொந்தக்காரர்கள் விடவில்லை. கோலா பிலாவிலிருந்து சித்தப்பா வந்தார். காரியம் செய்துவிடலாம் என்று பேச்சு எழுந்தது. தாயம்மாதான் அம்மாவிடம் பக்குவமாகச் சொன்னாள். “பஞ்சாலை, ஊரு ஒலகத்துக்காகவாவது கருமாதி செஞ்சிரு லா. நாலு பேரு நாலு விதமாப் பேசுறாங்க.”

“செத்தவருக்குத்தானே கருமாதி?” என்றாள் அம்மா. “இவரு வேர்த்துக்கிட்டு நிக்கிறாரு. பொணத்துக்கு வேர்க்குமா?”

தாலி அம்மாவின் கழுத்திலேயே இருந்தது.

அடுத்து நாங்கள் குடியிருந்த லய வீடுகளைப் பிரித்து, ரப்பர் ஸ்டோருக்குப் பக்கத்தில் கொண்டுபோய்ச் சேர்த்துக் கட்டினார்கள். சுற்றிலும் முள்கம்பி. ஒரே ஒரு கேட். காலையில் திறப்பார்கள், மாலைக்கு முன்னால் பூட்டுவார்கள். கம்பிக்கு வெளியே ஒரு பிடி சோறு கொண்டுபோகக் கூடாது. காட்டில் இருப்பவர்கள் பட்டினி கிடந்து வெளியே வரட்டும் என்று சர்க்கார் யோசனை. நாங்கள் வெறும் வயிற்றோடு வேலைக்குப் போய்த் திரும்பி வந்து சாப்பிட்டோம். பசித்தது காட்டில் இருப்பவர்களுக்கா, எங்களுக்கா என்று யாரும் கேட்கவில்லை.

அம்மா வேலையை முடித்துவிட்டுப் பள்ளத்துக்கு ஓடுவாள். கேட் பூட்டுகிற சங்கு ஊதும்போது மூச்சிரைக்க உள்ளே வந்து விழுவாள். சில நாள் நானும் கூடப் போவேன். ரப்பர் இலை உதிர்கிற மாதங்களில் எங்கள் பக்கத்து மரமெல்லாம் மொட்டையாக நிற்கும். பள்ளத்து மரங்கள் மட்டும் அந்தக் குண்டு போட்ட காலையின் பச்சையிலேயே நிற்கும். அதன் நடுவே அப்பா. வருஷத்துக்கு ஒரு எட்டு. அவர் கண் மங்குகளைத் தாண்டி, அம்மா எப்போதும் நிற்கிற மரத்தையே பார்த்துக்கொண்டிருக்கும். அவள் அங்கே நிற்பது அவருக்குத் தெரியாது. ஆனாலும் அவள் தலையை வாரிப் பூ வைத்துக்கொண்டுதான் போவாள்.

எனக்குப் பூ வாங்கித் தர அவளுக்கு நினைப்பு வந்ததில்லை. இதையும் சொல்லிவிடுகிறேன், மனதில் வைத்துக்கொண்டு என்ன செய்யப்போகிறேன்? அப்பாவின் நெற்றித் துளி எந்த இடத்தில் இருக்கிறது என்று அவளுக்குத் தெரியும். என் கால் செருப்புக்குள் அடங்காமல் வெளியே நீண்டது அவளுக்குத் தெரியாது. தாயம்மாதான் பார்த்துச் சொன்னாள்.

ஒரு தடவை அம்மா பால் வாளியின் அடியில் சோற்றுப் பொட்டலத்தை ஒளித்துக் கொண்டு போனாள். அப்பா கிட்டத்தில் வந்துவிட்டார், வந்ததும் பசிக்கும் என்று அவள் கணக்கு. கேட்டில் சோதனை போடுகிற ஸ்பெஷல் போலீஸ்காரன் வாளியைக் கவிழ்த்தான். சோறு மண்ணில் விழுந்தது.

“யாருக்குக் கொண்டுபோற? காட்டுல இருக்கிறவனுக்குத்தானே?”

“ஆமா. காட்டுலதான் இருக்காரு, எம்புருசன்” என்றாள் அம்மா. அவளுக்குப் பொய் சொல்லவே வராது.

லோரியில் ஏற்றிக்கொண்டு போய்விட்டார்கள். நாலைந்து நாள் கழித்துத்தான் விட்டார்கள். அத்தனை நாளும் தாயம்மா வீட்டில் ஒரு மூலையில் கிடந்தேன். அம்மா முகம் வீங்கித் திரும்பி வந்தாள். ஓடிப்போய்க் காலைக் கட்டிக்கொண்டேன். அவள் என் தலையில் கை வைத்தபடியே கேட்டாள்.

“அப்பா காலத் தரையில வச்சிட்டாரா, புள்ள?”

சாப்பிட்டாயா என்று கேட்டிருக்கலாம். எனக்கு அப்பாவின்மேல் அப்படி ஒரு ஆத்திரம் வந்தது. ஒரு மனிதர் மேடு ஏற இவ்வளவு நேரமா?

வருஷங்கள் போயின. நான் வளர்ந்து அம்மாவோடு விடியற்காலையில் ஆள் கணக்கெடுக்கிற பெரட்டில் நின்று பெயர் கொடுத்து மரம் வெட்ட ஆரம்பித்தேன். லுக்குட்டிலிருந்து ரப்பர் ஷீட் ஏற்ற வருகிற லோரிக்காரர் அமிர்தலிங்கம் என்னைப் பார்த்துச் சிரிக்க ஆரம்பித்தார். நானும் சிரித்தேன். அம்மாவிடம் முறையாக வந்து கேட்கிறேன் என்றார். அப்பா அதற்குள் விளிம்புக்கு மிகக் கிட்டத்தில் வந்துவிட்டார். இன்னும் ரெண்டு எட்டு, மிஞ்சினால் மூன்று. “அப்பா வந்து தாரை வார்த்துக் குடுக்கட்டும்” என்று அம்மா சொல்லிவிட்டாள். அவள் முகத்தில் ஒரு வெளிச்சம் வந்திருந்தது. கல்யாணச் சேலை எந்த நிறம் என்று என்னிடம் கேட்கக்கூடச் செய்தாள். எனக்கும் முதல் தடவையாக நம்பிக்கை வந்தது.

அந்த நேரத்தில்தான் எங்கள் வட்டாரத்தில் ஆபத்து நீங்கிவிட்டது என்று அறிவிப்பு வந்தது. கேட்டைத் திறந்து வைத்தார்கள். சோறு கொண்டுபோகலாம். எல்லாரும் மாரியம்மனுக்குப் பொங்கல் வைத்தார்கள். பொங்கல் வைத்த மறுவாரம் பெரட்டில் மேற்பார்வை பார்க்கிற மண்டோர் இராஜமாணிக்கம் பள்ளத்து விளிம்புக் காட்டுக்கு ஆள் பிரித்தார். அவர் புதிதாக வந்தவர். கெட்டவர் இல்லை. அவரும் மரம் வெட்டி மேலே வந்தவர்தான்.

அம்மா வரிசையை விட்டு வெளியே வந்தாள். “மண்டோரே, அந்த ஒரு காட்ட மட்டும் வுட்டுருங்க. வேற எங்கன்னாலும் ரெண்டு ஆளு வேல செய்றேன்.”

“நான் என்னாம்மா செய்ய? தொரை தொறக்கச் சொல்லிட்டாரு. இத்தன வருசமா வெட்டாத மரம், பால் பொத்துக்கிட்டு ஊத்தும் லா.”

“மங்கு நிமிந்திருச்சுன்னா அவரு திரும்பிப் போயிருவாரு மண்டோரே. மேல வேல நடக்குதுன்னு நெனச்சிக்குவாரு. கீழ பால வுட்டுட்டு வந்திருக்காரு. அத எடுக்கப் போயிருவாரு.”

சிலர் சிரித்தார்கள். இராஜமாணிக்கம் சிரிக்கவில்லை. அவருக்கு விளங்கிவிட்டது. பாலை எடுக்காமல் வீட்டுக்கு வந்தவனுக்கு அரைச் சம்பளம்தான். அதைவிடப் பெரிது, பாலை விட்டுவிட்டு ஓடி வந்தவன் என்ற பெயர். குண்டுக்குப் பயந்து எல்லாரும் ஓடியிருந்தால் அது வேறு. மற்றவர்கள் வேலை செய்யும்போது தான் மட்டும் ஓடி வந்தால் அதை எங்கள் ஆட்களில் ஒருவனும் தாங்கமாட்டான்.

“பங்களாவுல சொல்லிப் பாக்குறேன்” என்றார் மண்டோர். சொல்லியும் பார்த்தார். தொரை காதில் போட்டுக்கொள்ளவில்லை.

அம்மா விளிம்பை ஒட்டின நிரையைத் தனக்கே கேட்டு வாங்கிக்கொண்டாள். மரத்தை வெட்டுவாள், பால் சொட்டி நிற்பதற்கு முன்பே எடுத்து மங்கைக் கவிழ்த்துவிடுவாள். பாதிப் பால் மரத்தோடு வழிந்து மண்ணில் போயிற்று. ஸ்டோரில் எடை குறைந்தது. கணக்குப் பார்க்கிற கிராணி கத்தினார். கடைசியில் மண்டோர் அந்த நிரையில் பாதியை எடுத்து வேறு ஆட்களுக்குக் கொடுத்தார். அவர்கள் முறையாக வெட்டினார்கள். மத்தியானம்வரை மங்குகள் வரிசையாக வாயைத் திறந்துகொண்டு தொங்கின. அவர்களைக் குறை சொல்ல என்ன இருக்கிறது? வேலை செய்கிறவன் அப்படித்தான் செய்வான்.

முதலில் பார்த்தது நான்தான். அம்மா நிற்கிற மரத்தையே பார்த்துக்கொண்டிருந்த அப்பாவின் கண், கொஞ்சம் கொஞ்சமாகப் பக்கத்து மரத்துக்கு நகர்ந்திருந்தது. அதில் ஒரு மங்கு நிமிர்ந்திருந்தது. நான் நாள்தோறும் கவனித்தேன். திறந்திருந்த அவர் வாய் மூடிக்கொண்டு வந்தது. இலை உதிர்கிற காலம் வந்தபோது முகத்திலிருந்த பயம் போய்விட்டது. அந்த இடத்தில் வேறொன்று வந்திருந்தது. சட்டென்று வேலை ஞாபகம் வந்த ஆளின் முகம்.

“அம்மா, அப்பா கண்ணு திரும்பிருச்சு” என்றேன்.

பளார் என்று ஓர் அறை விழுந்தது. “வாயக் கழுவு” என்றாள். அப்புறம் என் கன்னத்தைத் தடவிக்கொண்டே அவளும் பார்த்தாள். அவள் கை என் கன்னத்திலேயே நின்றுவிட்டது.

மறு மழைக்குள் அப்பாவின் தோள் திரும்பியது. அடுத்து முன்னால் வைத்த கால் குதிகாலில் சுழன்றது. அத்தனை வருஷம் ஏறி வந்த மனிதர், ரெண்டே எட்டு இருக்கும்போது, கீழே தான் விட்டுவந்த பாலைப் பார்த்துத் திரும்பிவிட்டார். அவரைப் பொறுத்தவரை எல்லாம் சில மூச்சு நேரம்தான். ஓடி வந்தார், பார்த்தார், வெட்கப்பட்டார், திரும்பினார். அவ்வளவுதான். முதுகு மட்டும் எங்களுக்குத் தெரிந்தது. சட்டையின் தோள்பட்டையில் அம்மா போட்ட ஒட்டுத் தையல் அப்படியே இருந்தது.

அன்றைக்கு அம்மா அழவில்லை. வாளியையும் கத்தியையும் என்னிடம் கொடுத்தாள். சேலைத் தலைப்பை இழுத்து இடுப்பில் செருகினாள். வெயில் மரத்துக்கு மரம் விழுந்துகொண்டிருந்த நல்ல காலை நேரம். தூரத்தில் ஆட்கள் மரம் வெட்டிக்கொண்டே பேசுவது கேட்டது.

“போயிக் கையப் புடிச்சி இழுத்துட்டு வந்துர்றேன் புள்ள. ரெண்டு எட்டுதானே?”

“ஒனக்கு ரெண்டு எட்டு. எனக்கு?”

“ஓடிப் போயிட்டு ஓடி வந்துருவேன் லா.”

“நீ ஓடி வர்றதுக்குள்ள நான் செத்துருவேம்மா! நெசமாத்தான் சொல்றேன். நான் கெழவியாயிச் செத்துப் போயிருவேன்.”

அவள் என்னைப் பார்த்தாள். இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக என்னை முழுசாகப் பார்த்தாள் என்று நினைக்கிறேன். முளை பிடுங்கிக்கொண்டதை அப்போதே உணர்ந்தேன். நான் வளர்ந்துவிட்டேன். தூக்கி அவள் முகத்துக்கு நேரே காட்டுகிற பிள்ளை இல்லை இனிமேல்.

“நீ பெரிய மனுசியாயிட்டே மயிலு” என்றாள். “அந்த லோரிக்காரத் தம்பி நல்ல மாதிரி. அப்பாவுக்கு யாரு இருக்கா? அவரு திரும்பவும் கீழ போனாருன்னா, மேல வரப்போ அவருக்குத் தெரிஞ்ச ஒரு மொகம்கூட இருக்காதே.”

“எனக்கு மட்டும் யாரு இருக்கா?” என்று கத்தினேன். அவள் தோளைப் பிடித்து இழுத்தேன். ரெண்டு பேரும் இலைச் சருகில் விழுந்து புரண்டோம். அம்மா தினமும் பால் வாளி சுமந்தவள், என் பிடியை விரல் விரலாகப் பிரித்தாள். என் நெற்றியில் முத்தம் கொடுத்தாள். எழுந்து ஓடினாள்.

விளிம்பைத் தாண்டின கால் அந்தரத்தில் மெதுவாக இறங்கியது. பின்னால் பறந்த கூந்தல் பறந்தபடியே நின்றது. ஓடும்போது அவள் ஏதோ சொல்லிக்கொண்டே போனாள். என்னிடம் சொன்னாளா, அப்பாவைக் கூப்பிட்டாளா தெரியாது. அந்தக் குரல் நீண்டு நீண்டு, ஒரு பெரிய வண்டின் ரீங்காரம் மாதிரி ஆகி, அந்த வருஷம் பூராவும் பள்ளத்திலிருந்து கேட்டுக்கொண்டே இருந்தது. விளிம்புக் காட்டில் வெட்டப் போனவர்கள் ஒருவர் பின் ஒருவராக நின்றுவிட்டார்கள். சாபம் என்றார்கள், பேய் என்றார்கள். தொரை வேறு வழியில்லாமல் காட்டை மறுபடியும் மூடினார். அம்மா கெஞ்சிக் கேட்டபோது நடக்காதது அவள் போன பிறகு நடந்தது.

அவசரகாலம் முடிந்துவிட்டது என்று சர்க்கார் அறிவித்தார்கள். முள்கம்பியைச் சுருட்டிக்கொண்டு போனார்கள். அமிர்தலிங்கம் லோரியைச் சாலையோரம் நிறுத்திவிட்டுப் பள்ளத்துக்கே என்னைத் தேடி வந்தார். தொப்பியைக் கையில் சுருட்டிப் பிடித்துக்கொண்டு பேசினார்.

“லுக்குட்டுல வீடு பாத்துட்டேன் மயிலு. கெளம்பு.”

“அம்மா திரும்பி மேல பாக்கட்டும். பாத்த ஒடனே வந்துர்றேன்.”

“எப்பப் பாப்பாங்க?”

“ஒரு பார்வைதாங்க.”

அவர் பள்ளத்தைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். நல்ல மனிதர், என்னைத் திட்டவில்லை. சில வருஷம் கழித்து லுக்குட் சந்தையில் அவரை மனைவி பிள்ளைகளோடு கண்டேன். நலமா என்று விசாரித்தார்.

வாரத்துக்கு ஒரு முறை வந்து பார்த்துவிட்டுப் போனால் போதாதா என்று தாயம்மாகூடக் கேட்டாள். போதாது. வந்து போகிறவர்கள் பள்ளத்துக்குள் இருப்பவர்களின் கண்ணில் படமாட்டார்கள். தினமும் வரவேண்டும். அதே மரத்தடியில், அதே நிறச் சேலையில், அதே பக்கம் பார்த்துக்கொண்டு நிற்கவேண்டும். மழையிலும் நிற்கவேண்டும். அப்படி வருஷக்கணக்காக நின்றால், கல்லைப்போல நானும் கொஞ்சம் ஒட்டுவேன். தெளிவாக இல்லாவிட்டாலும் நிழல் மாதிரியாவது. அப்பாவையும் அம்மாவையும் பேய் என்று தோட்டத்தார் சொல்கிறார்கள். உள்ளேயிருந்து பார்த்தால் பேய் நான்தான்.

இப்போது எனக்கு அம்மாவைவிட வயது அதிகம். அம்மாவின் கை அப்பாவின் முழங்கையைப் பிடித்துவிட்டது. அப்பா அவள் பக்கம் திரும்பிவிட்டார். ‘நீ எதுக்கு எறங்கி வந்தே’ என்று கேட்கிற முகம். அம்மா திட்டிக்கொண்டிருக்கிறாள். அவள் புருவம் நெளிந்திருப்பதை வைத்தே சொல்லிவிடுவேன், அந்த நெளிவை எத்தனை தடவை பார்த்திருக்கிறேன். அந்தத் திட்டு பாதி வருவதற்குள் எனக்கு முன்பற்கள் ஆட ஆரம்பித்துவிட்டன. இளைஞரும் இளம்பெண்ணுமாக ரெண்டு பேர் கையைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள். பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது. சில நாள் பொறாமையாகவும் இருக்கிறது.

போன மழைக்காலத்திலிருந்து அம்மாவின் முகம் அப்பாவை விட்டு நகரத் தொடங்கியிருக்கிறது. மேலே, நான் நிற்கிற பக்கம். காது தெரிகிறது, கன்னம் தெரிகிறது, இமையின் ஓரம் தெரிகிறது. இலைச் சருகில் விட்டுவந்த பெண் எழுந்து நிற்கிறாளா என்று பார்க்கத் திரும்புகிறாள். அவள் கண் இங்கே வந்து சேரும்போது இந்த மரத்தடியில் பல் கொட்டின ஒரு கிழவிதான் இருப்பாள். அம்மாவுக்கு அடையாளம் தெரியாது. என்னைப் பார்ப்பாள், பிறகு என்னைத் தாண்டி, எனக்குப் பின்னால், என்னைத் தேடுவாள்.

தேடட்டும். விவரம் தெரிந்ததிலிருந்து அவள் அப்பாவைத் தேடின முகத்தைத்தான் பார்த்திருக்கிறேன். என்னைத் தேடுகிற முகம் எப்படி இருக்கும் என்று ஒரு தடவை பார்த்துவிட்டால் போதும்.